போடாத நாற்காலி

சவேத்தா 1936ஆம் ஆண்டு நவம்பர் மாதம், கோர்ஜ் மாவட்டத்துக் கிரோவேனி கிராமத்தில் பிறந்தாள். தந்தை பவேல் திரகோமிர், விவசாயி. தாய் மரீனா. அண்ணன் இலாரியே அவளைவிட ஐந்து வயது மூத்தவன். அவர்கள் வாழ்ந்த வீடு 1884இல் கட்டப்பட்டது: கீழே கல் நிலவறை, மேலே ஓக் மரத்தில் இரண்டு அறைகள், முன்புறம் ஐந்து தூண்கள் தாங்கும் தாழ்வாரம், மரச்சில்லுக் கூரை. 1951 செப்டம்பரில் அரசின் ஆட்கள் இலாரியேயை லாரியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். 1958இல் தந்தையும் 1961இல் தாயும் இறந்தார்கள். 1963இல் சவேத்தா, மண்வெட்டும் இயந்திரம் ஓட்டும் கிளிகோரேயை மணந்தாள். குழந்தைகள் இல்லை. 1975இல் நிலக்கரிச் சுரங்கம் கிரோவேனியை விழுங்கியது. ஊரின் வீடுகளில் மூன்றை மட்டும் விட்டம் விட்டமாகப் பிரித்து, சிவப்புச் சாயத்தில் எண் போட்டு, மாவட்டத் தலைநகருக்கு வெளியே ஏரிக்கரையில் இருந்த திறந்தவெளி அருங்காட்சியகத்தில் மறுபடியும் நிறுத்தினார்கள். அந்த மூன்றில் ஒன்று திரகோமிர் வீடு. 1976 முதல் சவேத்தா அதே வீட்டில் காவலாளியாக வேலை பார்த்தாள்.

இவ்வளவும் ஐயத்துக்கு இடமில்லாதவை. இனி வருவது அவளும் அவளுக்கு அருகில் இருந்தவர்களும் சொன்னது.

லாரி வந்தபோது அவர்கள் இரவுச் சோளக்களிக்கு உட்கார்ந்திருந்தார்கள். இலாரியேயின் நாற்காலிக்கு ஒரு கால் குட்டை. அவன் கிண்ணத்தை எட்டும்போதெல்லாம் அந்தக் கால் தரையில் ஒரு தட்டுத் தட்டும். "நாளைக்குச் சரிபண்றேன்" என்பார் தந்தை. தினமும் சொல்வார். அவருக்குத் தச்சு வேலை தெரியும் என்பது அவருடைய எண்ணம் மட்டுமே. தாழ்வாரத்தின் மூன்றாவது தூண் உளுத்துப்போனபோது அவரே ஒரு புதுத்தூண் செதுக்கி நிறுத்தினார். மற்ற நான்கும் முறுக்கிய கயிறு போல அழகாக நிற்க, அது மட்டும் கள் குடித்தவன் போல ஒரு பக்கம் சாய்ந்து நின்றது.

அரசை எதிர்த்துக் காட்டில் ஒளிந்திருந்தவர்களுக்கு இலாரியே ரொட்டி கொடுத்தான் என்று வந்தவர்கள் சொன்னார்கள். அவன் மறுக்கவில்லை. எழுந்து மேலங்கியை மாட்டிக்கொண்டான். உள்ளறை வாசல் நிலை தாழ்வானது. அந்த வீட்டார் அனைவரும் தூக்கத்தில்கூட அங்கே குனிவார்கள். அவனும் குனிந்து வெளியே வந்தான். வந்தவர்களில் ஒருவன் குனியாமல் நெற்றியில் இடித்துக்கொண்டான். இலாரியே சிரித்துவிட்டான்.

"கதவைத் தாழ் போடாதீங்கம்மா. ஞாயித்துக்கிழமைக்குள்ள வந்துருவேன். பூட்டிட்டுப் போனா சாவி எங்க இருக்கும்னுதான் எனக்குத் தெரியுமே."

சாவி இருக்கும் இடம் சாய்ந்த தூணுக்குப் பின்னால், நிலவறைக் கதவின் மேல் விட்டத்தில் இருந்த ஒரு பொந்து. அது குடும்பத்துக்கு வெளியே யாருக்கும் தெரியாது.

அந்த ஞாயிறும் அதற்கடுத்த ஞாயிறும் போயின. தந்தை மூன்று அலுவலகங்களில் விசாரித்தார். இரண்டில் பதில் இல்லை. மூன்றாவதில், அப்படி ஒரு பெயரே தங்களிடம் இல்லை என்று சொல்லிவிட்டார்கள். அந்த நாற்காலியை அவர் சரிசெய்யவே இல்லை. "அவன் வந்து உக்காந்தப்புறம் அளவு பாத்து வெட்டணும்" என்றார்.

அடுத்த வசந்தத்தில், ஈஸ்டருக்கு முந்தைய பெரிய வியாழன் வந்தது. அன்று விடியும் முன் இறந்தவர்கள் அவரவர் வீட்டுக்குக் குளிர்காய வருவார்கள் என்பது கோர்ஜில் எவரும் வாதாடாத ஒன்று. வேலியோரம் முளைக்கும் போஸ் செடியின் காய்ந்த குச்சிகளால் முற்றத்தில் தீ மூட்டுவார்கள். வீட்டில் செத்தவர்கள் எத்தனை பேரோ தீயைச் சுற்றி அத்தனை நாற்காலிகள். பக்கத்தில் ஒரு குடம் தண்ணீர், ஒரு ரொட்டி. தீயைப் பார்க்கலாம்; நாற்காலியைப் பார்க்கக் கூடாது. வந்து உட்கார்ந்தவர்களை வெறித்துப் பார்ப்பது மரியாதை அல்ல. தீ தானாக அவிந்ததும் போய்விடுவார்கள். வேறு எங்கும் போகமாட்டார்கள். அவர்களுக்குத் தெரிந்தது தங்கள் வீடு ஒன்றுதான்.

தாத்தாவுக்கும், பிறந்த உடனே இறந்துபோன இரண்டு குழந்தைகளுக்கும் தாய் நாற்காலி போட்டாள். பிறகு உள்ளே போய், இலாரியேயின் குட்டைக்கால் நாற்காலியைத் தூக்கித் தன் கட்டிலுக்குப் பின்னால் ஒளித்து வைத்தாள்.

"ஏம்மா ஒளிக்கிற?" என்றாள் சவேத்தா.

"தப்பித் தவறி யாராவது எடுத்துப் போட்டுட்டா? உசுரோட இருக்கிறவனுக்குத் தீ மூட்டினா என்ன ஆகும்னு உனக்குத் தெரியாதா?"

தெரியும். உயிரோடிருப்பவனுக்கு நாற்காலி போட்டால் அவனை நாமே அந்தப் பக்கம் அழைத்துவிட்டோம் என்று பொருள். அந்த ஆண்டுக்குள் அவன் வந்து உட்கார்ந்துவிடுவான். தேவாலய வாசலில் மெழுகுவத்திக்கு இரண்டு தகரப் பெட்டிகள் உண்டு, ஒன்று உயிரோடிருப்பவர்களுக்கு, மற்றது இறந்தவர்களுக்கு. இலாரியேயின் மெழுகுவத்தியைத் தாய் எப்போதும் உயிரோடிருப்பவர்களின் பெட்டியில்தான் வைத்தாள். வைக்கும்போது சுற்றிலும் ஒருமுறை பார்ப்பாள், யாராவது மறுக்கிறார்களா என்று பார்ப்பவள் போல.

தாய் இறக்கும்போது சவேத்தாவுக்கு இருபத்து நான்கு வயது. கடைசியாகத் தெளிவாகப் பேசியது இதுதான்:

"வீட்டைப் பூட்டினா சாவியைப் பொந்துலயே வை. அவனுக்கு நாற்காலி மட்டும் போட்டுடாத, சவேத்தா. நாம போட்டாதான் அவன் செத்தவன்."

அந்த ஒரு சொல் சவேத்தாவின் மீதி வாழ்க்கையைக் கட்டிப்போட்டது. மணமான பிறகும் அவள் அந்த வீட்டைவிட்டு நகரவில்லை. கிளிகோரேதான் அங்கே வந்து குடியிருந்தான். நல்ல மனிதன், வாய்தான் நீளம். சுரங்கம் ஊரின் விளிம்புக்கு வந்தபோது, அதைத் தோண்டிய இயந்திரங்களில் ஒன்றை ஓட்டியவனும் அவனே. "மாமியார் வீட்டைத் தோண்டிச் சம்பளம் வாங்கின மருமகன் இந்த ஜில்லாவுலயே நான் ஒருத்தன்தான்" என்று தன்னைத்தானே கேலி செய்துகொள்வான். அவன் இரவில் தூங்காமல் கிடந்தது சவேத்தாவுக்குத் தெரியும்.

வீட்டை அருங்காட்சியகத்துக்குக் கொடுக்க அவள் உடனே சம்மதித்தாள். அக்கம்பக்கத்தார் வியந்தார்கள். கொஞ்சம் முரண்டு பிடித்திருந்தால் இழப்பீடு கூடியிருக்கும் என்றார்கள். அவள் கணக்கு வேறு. வீடு எங்காவது நின்றால்தான் இலாரியே வர முடியும். ஊர் போனால் வீட்டைத் தேடுவான். வீடும் போனால் எதைத் தேடுவான்?

அவர்களுக்கு நகரத்தில் மூன்றாவது மாடியில் ஒரு குடியிருப்பு கொடுத்தார்கள். முதல் பெரிய வியாழனன்று கட்டடத்தின் பின்புறம், குப்பைத் தொட்டிகளுக்கு அருகே, தாய்க்கும் தந்தைக்கும் மற்றவர்களுக்கும் அவள் தீ மூட்டினாள். மேலே ஒரு பெண் பலகணியில் நின்று, "துணி காயப்போட்டிருக்கேன், புகையை வேற பக்கம் அனுப்பு" என்றாள்.

"காத்துகிட்ட சொல்லு, எங்கிட்ட சொல்லாத."

கிளிகோரே ரொட்டியைப் பிடித்துக்கொண்டு நின்றான். "நல்லவேளை கீழயே மூட்டின. லிஃப்ட் இல்லாத மூணாவது மாடிக்கு உங்கம்மா ஏறி வந்தா, மூச்சு வாங்கி மறுபடியும் செத்துருப்பா."

சவேத்தா சிரித்தாள். ஆனால் அங்கே நாற்காலிகள் வெறும் நாற்காலிகளாகவே இருந்தன. ஊரில் தீ மூட்டினால், பார்க்காவிட்டாலும், முற்றம் நிறைந்துவிட்டது என்று முதுகுக்குத் தெரியும். இங்கே அப்படி எதுவும் தெரியவில்லை. அவர்கள் வீட்டைத் தேடி ஏரிக்கரைக்குப் போயிருப்பார்கள். தீ இல்லாத முற்றத்தில் நின்றுவிட்டுத் திரும்பியிருப்பார்கள்.

அந்த ஆண்டே அவள் அருங்காட்சியகத்தில் வேலைக்குச் சேர்ந்தாள்.

வீட்டின் முன்னால் ஒரு பலகை: "விவசாயி வீடு, கோர்ஜ், 1884." குடும்பத்தின் பெயர் இல்லை. சுவரில் மாட்டியிருந்த படங்கள் அவர்களுடையவை அல்ல. வேறு எந்த ஊரிலிருந்தோ, சட்டம் நன்றாக இருக்கிறதென்று வாங்கி வந்து மாட்டியிருந்தார்கள். முறுக்கு மீசை வைத்த ஒருவர், முக்காடிட்ட இரண்டு பெண்கள். தினமும் காலையில் சவேத்தா அந்த முகங்களைத் துடைத்தாள். அவளுடைய கட்டிலில் யாரும் படுக்காதபடி கயிறு கட்டியிருந்தார்கள். மேசையில் மெழுகால் செய்த ரொட்டி. அடுப்பில் சாம்பல் இல்லை. வருபவர்கள் கேட்டால் அவள் மனப்பாடமாகச் சொல்வாள்: "இது இப்பகுதியின் நடுத்தர விவசாயிகள் வாழ்ந்த முறையைக் காட்டும் வீடு." படங்களில் இருப்பவர்கள் யார் என்று யாராவது கேட்டால், "குடியானவங்க" என்பாள். குட்டைக்கால் நாற்காலி கயிற்றுக்குப் பின்னால் அடுப்போரம் இருந்தது, அடியில் சிவப்பு எண்ணோடு.

மறுபடி நிறுத்தியபோது அந்த வீட்டில் ஒரே ஒரு மாற்றம் செய்தார்கள். உள்ளறையின் பழைய நிலை உளுத்திருந்ததால் புதிதாக ஒன்று வைத்து, பார்வையாளர்கள் இடித்துக்கொள்ளாதிருக்க ஒரு சாண் உயர்த்திவிட்டார்கள். சவேத்தா அந்த வாசலில் குனிந்துதான் போனாள். முதல் நாளும் குனிந்தாள், பதினேழு ஆண்டுகள் கழித்தும் குனிந்தாள்.

அடுத்திருந்த, தண்ணீரால் சுழலும் பழைய மாவாலையான நீராலைக்குக் காவல் பேத்ராகே. அவளைவிட நான்கைந்து வயது இளையவன். இரவுக் காவலும் தீயணைப்புப் பொறுப்பும் அவனுடையவை.

"யாருக்கு அக்கா தினம் வணக்கம் வைக்கிறீங்க? நிலை உங்க தலைக்கு ஒரு சாண் மேல நிக்குது."

"உன் அறிவு எவ்வளவு உசரம்னு அளந்து பாக்கறேன், பேத்ராகே."

"அப்ப இன்னும் கொஞ்சம் குனியணும்."

அவள் சாவியை மதியச் சாப்பாட்டு வேளையில் பொந்தில் வைத்துவிட்டுத்தான் நீராலைக்குப் போவாள். ஐந்து மணிக்கு மூடும்போது வாயில் அலுவலகத்தில் கொடுத்துவிட வேண்டும் என்பது விதி. மதியத்தைப் பற்றி விதி ஒன்றும் சொல்லவில்லை. அரை மணி நேரமாவது வீடு தாயின் சொல்படி இருந்தது.

இன்னொன்றும் உண்டு. அதை அவள் கிளிகோரேயிடம்கூடச் சொல்லவில்லை. ஒவ்வொரு பெரிய வியாழனன்றும் காலையில் வந்து கதவைத் திறந்தால், உள்ளே குளிர் மற்ற நாட்களைவிட அதிகமாக இருக்கும். பலபேர் வந்து காத்திருந்துவிட்டு இப்போதுதான் எழுந்துபோன வீடு போல இருக்கும். குட்டைக்கால் நாற்காலி அன்று மட்டும் அடுப்புப் பக்கம் கொஞ்சம் திரும்பியிருக்கும். எலி என்று அவள் தனக்குச் சொல்லிக்கொள்வாள். நாற்காலியைத் திருப்பி வைக்கிற எலியை அவள் பார்த்ததில்லை. ஆனால் வேறு எதையும் நினைக்கத் தாயின் சொல் இடம் கொடுக்கவில்லை. நாற்காலியைப் பழைய இடத்தில் வைத்துவிட்டு, அந்நியர்களின் படங்களைத் துடைக்கத் தொடங்குவாள்.

கிளிகோரே 1988இல் இறந்தான். அவனுக்கு அவன் பிறந்த வீட்டு முற்றத்தில் அவன் தம்பி நாற்காலி போடுகிறான். அடுத்த ஆண்டு டிசம்பரில் அரசு கவிழ்ந்தது. சிறைகளைப் பற்றி வாய் திறக்காதவர்கள் பேசத் தொடங்கினார்கள். சவேத்தா யாரையும் போய்க் கேட்கவில்லை. கேட்டால் பதில் வந்துவிடுமோ என்ற பயம்.

1993ஆம் ஆண்டு, பெரிய வியாழனுக்கு முந்தைய நாள். காலையிலிருந்து தூறல். பார்வையாளர்கள் இல்லை. மதியம் அவள் வீட்டைப் பூட்டி, சாவியைப் பொந்தில் வைத்துவிட்டு நீராலைக்குப் போனாள். நோன்புக் காலம், பேத்ராகே அவரைக்காய் ரசமும் வெங்காயமும் வைத்திருந்தான். சாப்பிட்டுவிட்டுத் திரும்பினாள். தாழ்வாரப் படியில் கால் வைத்தவள் அப்படியே நின்றாள்.

பூட்டு திறந்து, சாவியோடு கொண்டியில் தொங்கிக்கொண்டிருந்தது. படியில் ஈரக் காலடிகள் இருந்தன. சேற்றைத் துடைத்துவிட்டு உள்ளே போயிருக்கிறார்கள்.

உள்ளறையிலிருந்து ஒருவர் வெளியே வந்தார். அறுபது தாண்டியவர், மெலிந்தவர், தொப்பியைக் கையில் பிடித்திருந்தார். உயர்த்தி வைத்த நிலைக்குக் கீழே வந்ததும், தலைக்கு மேல் ஒரு சாண் வெறுமை இருக்க, அவர் குனிந்தார்.

சவேத்தா தாழ்வாரத் தூணைப் பிடித்துக்கொண்டாள். அது சாய்ந்த தூண்.

"இலாரியே அண்ணா."

அவர் அதே இடத்தில் நின்றார்.

"இல்லம்மா. நான் அவன் இல்ல. அவனா இருந்திருக்கலாம்னு எத்தனையோ தடவை நெனச்சிருக்கேன். என் பேரு ஆர்த்தேமி. டான்யூப் கழிமுகத்துல மீன் பிடிக்கிறவன்."

"சாவி?"

"சாஞ்ச தூணுக்குப் பின்னாடி, விட்டத்துப் பொந்துல. நீ சவேத்தாவா?"

அவள் தலையசைத்தாள்.

"கோவப்பட்டா மூக்குதான் முதல்ல சிவக்கும்னான். சிவந்திருக்கு."

அவர்கள் தாழ்வாரத்தில் உட்கார்ந்தார்கள். ஆர்த்தேமி சொல்ல வேண்டியதைச் சுற்றி வந்தார். தன் வலையைக் கூட்டுறவுக்குக் கொடுக்க மறுத்ததற்காக அவரைப் பிடித்தார்களாம். கைதிகள் கால்வாய் வெட்டும் முகாம். பலகைக் கொட்டகை, நாற்பது பேர், அடுப்பு உண்டு, விறகு கிடையாது.

"ராத்திரி குளிர்ல யாருக்கும் தூக்கம் வராது. அப்ப உங்கண்ணன் பேச்சுலயே எங்களை இந்த வீட்டுக்குக் கூட்டிட்டு வருவான். 'படி மூணு, ரெண்டாவது ஆடும், பாத்து வாங்க. சாஞ்ச தூணைப் பாத்துச் சிரிக்காதீங்க, எங்கப்பா காதுல விழும். சாவியை எடு, ஆர்த்தேமி, உனக்குத்தான் கை நீளம். உள்ளறையில குனி.' குனியாதவன் தலையில நிஜமாவே ஒரு தட்டுத் தட்டுவான். அப்புறம் அடுப்பைச் சுத்தி உக்கார வைப்பான். எங்களுக்கெல்லாம் பெஞ்சு. குட்டைக்கால் நாற்காலி மட்டும் அவனுக்கு. யாராவது அதுல உக்காந்துட்டா விடமாட்டான். 'எழுந்திரு, அது என் இடம்'னு சொல்லுவான்."

"அடுப்பு எரியுமா?"

"எரியும். கையை நீட்டினா சூடு தெரியும்மா. சத்தியமா."

பேத்ராகே நீராலை வாசலிலிருந்து எட்டிப் பார்த்தான். சவேத்தாவின் முகத்தைப் பார்த்துவிட்டு, கேட்க வந்ததைக் கேட்காமல் திரும்பிப் போனான்.

"எப்போ?" என்றாள் சவேத்தா.

"அம்பத்து மூணு. பிப்ரவரி."

"குளிர்லயா?"

ஆர்த்தேமி தொப்பியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "குளிர்லதான். கடைசி ராத்திரி அவனால பேச முடியல. நான்தான் கூட்டிட்டு வந்தேன், படி, தூணு, சாவி எல்லாம் சொல்லி. உள்ளறையில வந்தப்ப அவன் தலையைக் கொஞ்சம் குனிஞ்சான். அவ்வளவுதான்."

தூறல் நின்றிருந்தது. கூரையின் மரச்சில்லுகளிலிருந்து மட்டும் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது.

"வெளிய விட்டப்ப, யார்கிட்டயும் பேசமாட்டேன்னு எழுதி வாங்கிட்டாங்க. பேசல. ஆனா இந்தப் பெரிய வியாழன் சமாச்சாரம் அவன் சொன்னதுதான். எங்க பக்கம் அந்த வழக்கம் கிடையாது. நான் வருஷா வருஷம் எங்க வீட்டு வாசல்ல அவனுக்குத் தீ மூட்டி ஒரு நாற்காலி போட்டேன். என் பொண்டாட்டி, 'யாருக்குய்யா இது, ஓடத்துக்கா'ம்பா. அவன் ஒரு தடவையும் வரல. நாற்காலி அப்படியே சில்லுனு கிடக்கும். அரசு மாறினதும் உங்க ஊரைத் தேடி வந்தேன். வந்து பாத்தா ஊரு இருந்த இடத்துல குழி. திரும்பிட்டேன். இந்த வருஷம் மறுபடி வந்தப்ப, பஸ் நிலையத்துல ஒருத்தர், மூணு வீட்டை இங்க கொண்டாந்து வெச்சிருக்காங்கன்னார். தூணைப் பாத்ததும் தெரிஞ்சுபோச்சு. ஒண்ணே ஒண்ணு கேக்கத்தாம்மா வந்தேன். அவன் இங்கதான வர்றான்? இங்க வந்து குளிர்காயறான்ல?"

சவேத்தா திரும்பி உள்ளறைப் பக்கம் பார்த்தாள். அவர் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். அவளுக்கு அந்தத் திரும்பிய நாற்காலி நினைவுக்கு வந்தது. ஒவ்வொரு ஆண்டும் அதைப் பழைய இடத்தில் தூக்கி வைத்த தன் கைகள் நினைவுக்கு வந்தன. வந்து, எரியாத அடுப்புப் பக்கம் தன் இடத்தைத் திருப்பிப் போட்டுக்கொண்டு, குளிர்காயாமலே போனவன் அவன்தான்.

"நாங்க அவனுக்கு நாற்காலி போடவே இல்ல" என்றாள். "உசுரோட இருக்கான்னு நெனச்சு. போட்டா செத்துருவான்னு பயந்து. அவனுக்கு மெழுகுவத்தி கூட உசுரோட இருக்கறவங்க பெட்டியிலதான்."

ஆர்த்தேமி எழுந்து கொஞ்ச தூரம் நடந்து போய், சாய்ந்த தூணுக்கு முதுகைக் காட்டி நின்றார். திரும்பி வந்தபோது, "நாளைக்குத்தான வியாழன்?" என்று மட்டும் கேட்டார்.

அன்றிரவு அவர் சவேத்தாவின் குடியிருப்பில் நீளிருக்கையில் படுத்தார். அவள் ரொட்டி சுட்டாள். கட்டடத்தின் பின்னால், ரயில் பாதையோரம், போஸ் குச்சிகள் கிடைத்தன.

விடியலுக்குச் சற்று முன் இருவரும் அருங்காட்சியகத்தின் பின்வாசலில் நின்றார்கள். பேத்ராகே விளக்கைத் தூக்கிப் பிடித்து, குச்சிக் கட்டைப் பார்த்தான், குடத்தைப் பார்த்தான், ரொட்டியைப் பார்த்தான்.

"வேண்டாம் அக்கா."

"இலாரியே செத்துட்டான், பேத்ராகே."

அவன் விளக்கைத் தாழ்த்தினான். "கடவுள் அவர் ஆத்மாவை மன்னிக்கட்டும். ஆனா இங்க வேண்டாம். சுத்தி நிக்கிறது பூராவும் நூறு வருஷத்து ஓக்கு. மேல மரச்சில்லு. ஒரு பொறி போதும். எனக்குப் பென்ஷனுக்கு இன்னும் பத்து வருஷம் இருக்கு, உங்களுக்கு இந்த வருஷம். ரெண்டு பேரும் ஜெயிலுக்குத்தான் போவோம். கல்லறையில மூட்டுங்க. நானே வர்றேன்."

"அவனுக்குக் கல்லறை எங்க இருக்கு?"

"அப்ப ஊர்ல..." என்று தொடங்கிய பேத்ராகே நிறுத்திக்கொண்டான். அவனும் அந்தச் சுரங்கப் பகுதிக்காரன்தான்.

"சொல்லு தம்பி" என்றார் ஆர்த்தேமி, அமைதியாக. "எங்க மூட்டறது? குழியிலயா?"

பேத்ராகே ஏரிப் பக்கம் பார்த்தான். பிறகு நீராலைக்குப் போனான். இரண்டு மணல் வாளிகளோடும், சுவரில் தொங்கிய சிவப்புத் தீயணைப்பானோடும் திரும்பி வந்து, அவர்களுக்கு முன்னால் நடந்தான்.

முற்றத்தின் நடுவில், கூரையிலிருந்து எவ்வளவு தூரம் முடியுமோ அவ்வளவு தூரத்தில், அவன் மணலைக் கொட்டிப் பரப்பினான். "இதுக்கு மேலதான். இதைத் தாண்டி ஒரு குச்சி போகக் கூடாது. நான் அந்தப் பக்கம் திரும்பி நிக்கிறேன். யாராவது கேட்டா, நான் ஒண்ணும் பாக்கலன்னு பொய் இல்லாம சொல்லணும்."

"திரும்பி நின்னா எப்படி அணைப்ப?"

"நீங்க கத்துவீங்கல்ல, அக்கா. உங்க தொண்டை மேல எனக்கு நம்பிக்கை இருக்கு."

சவேத்தா பூட்டைத் திறந்து உள்ளே போனாள். தாத்தாவுக்கும் குழந்தைகளுக்கும் பெஞ்சு. தாய்க்கும் தந்தைக்கும் அவரவர் நாற்காலிகள். எல்லாம் எண் போட்ட காட்சிப் பொருள்கள். ஒவ்வொன்றாக வெளியே கொண்டுவந்து மணலைச் சுற்றி வைத்தாள். கடைசியாக அடுப்போரம் போனாள். குட்டைக்கால் நாற்காலி அடுப்புப் பக்கம் திரும்பியிருந்தது. கயிற்றைத் தாண்டி அதைத் தூக்கினாள். வாசல் நிலையில் குனிந்து வெளியே வந்தாள். தாய் கட்டிலுக்குப் பின்னால் ஒளித்ததை, அவள் கட்டிக் காத்ததை, மணலுக்கு அருகே, தந்தையின் நாற்காலிக்குப் பக்கத்தில் போட்டாள்.

கை விடவில்லை. சாய்வுக் கம்பியைப் பிடித்தபடி நின்றாள். அதுவரை அவன் எங்கோ இருந்தான், வயதாகி, வேறு பெயரில், வேறு நாட்டில், அவளை மறந்துகூட இருக்கலாம். கையை எடுத்தால் அந்த ஆள் இல்லாமல் போய்விடுவான்.

"அம்மா, நீ சொன்னது கடைசி வரைக்கும் நடந்துச்சு" என்றாள், யாருக்கும் கேட்காத குரலில். "இதுக்கு மேல அவன் குளிர் தாங்கமாட்டான்."

கையை எடுத்தாள்.

தீயை ஆர்த்தேமி மூட்டினார். போஸ் குச்சிகள் முதலில் புகைந்து, பிறகு படபடவென்று பற்றிக்கொண்டன. புகை நேரே மேலே போகவில்லை. தாழ்வாரத்தின் பக்கம் சரிந்து, திறந்திருந்த கதவு வழியாக உள்ளே போனது. பலகையும் படங்களும் மெழுகு ரொட்டியும் இருந்த அந்த வீட்டில், பதினெட்டு ஆண்டுகளுக்குப் பிறகு முதன்முதலாகப் புகை வாடை அடித்தது. இருவரும் தீயை மட்டும் பார்த்துக்கொண்டு நின்றார்கள். பேத்ராகே ஏரியைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

முற்றம் நிறைந்தது. சவேத்தாவின் முதுகுக்கு அது தெரிந்தது.

பிறகு, குச்சிகளின் சத்தத்துக்கு நடுவே, குட்டைக் கால் மண்ணில் ஒரு தட்டுத் தட்டியது.

ஆர்த்தேமியின் கை அவள் முழங்கையைப் பிடித்தது. "பாக்காத" என்று உதடு மட்டும் அசைந்தது. அவள் பார்க்கவில்லை. அங்கே தரை சமமில்லை. மணல் கொட்டிய இடம். பேத்ராகே பின்னாளில் அப்படித்தான் சொன்னான். தான் ஒன்றும் கேட்கவில்லை என்று மட்டும் அவன் சொன்னதில்லை.

தீ தானாக அவியும்வரை நின்றார்கள். வெளிச்சம் வந்ததும் பேத்ராகே சாம்பலை மணலோடு அள்ளி ஏரிக்கரையில் கொட்டினான். நாற்காலிகள் திரும்பவும் உள்ளே போயின. ரொட்டியை மூன்றாகப் பிய்த்து, இறந்தவர்களின் பெயரைச் சொல்லிச் சாப்பிட்டார்கள். ஐந்து பெயர்களைச் சவேத்தா சொன்னாள். ஆறாவதை ஆர்த்தேமி சொன்னார்.

அன்று மாலை தேவாலயத்தில் அவள் மெழுகுவத்தியை ஏற்றி, முதல் பெட்டியைத் தாண்டிப்போய், இரண்டாவது பெட்டியில் வைத்தாள். சுற்றிலும் பார்க்கவில்லை.

இலாரியே திரகோமிர் பிறந்தது 1931. இறந்தது 1953 பிப்ரவரி. அவனுக்கு அவன் வீட்டு முற்றத்தில் முதல் தீ எரிந்தது 1993 ஏப்ரல். இடையில் அவன் குளிரில் நின்றது நாற்பது ஆண்டுகள்.